ஒரே பாஸில் திருச்சிக்குப் போன கதை

அன்புள்ள மகனுக்கு,

உன் கடிதம் வந்தது. துர்காப்பூர் வெயில், மெஸ் சாப்பாடு, உன் மேலதிகாரியின் பல்வலி என்று ஊரெல்லாம் சுற்றிவிட்டு, கடைசிப் பக்கத்தின் ஓரத்தில், இனி இடமே இல்லை என்ற இடத்தில், பொடி எழுத்தில் விஷயத்தைச் செருகியிருக்கிறாய். கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு படித்தேன். உன் கல்யாணத்துக்கு நானும் உன் அப்பாவும் ஒன்றாக வந்து இறங்க வேண்டும். ஒரே அறையில் தங்க வேண்டும். பெண் வீட்டார் பார்க்கும்போதெல்லாம் பக்கத்தில் பக்கத்தில் நிற்க வேண்டும். எங்களுக்கு விவாகரத்தாகிப் பல வருஷமாகிறது என்பது அவர்கள் காதில் விழவே கூடாது. "அப்பாவுக்கு சாந்த்ராகாச்சியில் ரயில்வே குவார்ட்டர்ஸ், அம்மாவுக்குக் காளிகாட்டிலிருந்து ஆபீஸ் பக்கம், அதனால் தனித்தனியாக இருக்கிறார்கள்" என்று அவர்களிடம் சொல்லிவைத்திருக்கிறாயாம். இதில் ஒரு வார்த்தைகூடப் பொய் இல்லை என்று பெருமை வேறு. நீ வக்கீலுக்குப் படித்திருக்க வேண்டியவன், தெரியாமல் இன்ஜினியரிங்கில் போய்ச் சேர்ந்துவிட்டாய்.

எனக்குக் கோபம் வரவில்லை. சிரிப்புத்தான் வந்தது. நீ எங்களைப் போடச் சொல்கிற நாடகத்தை நாங்கள் ஏற்கெனவே ஒரு முறை போட்டிருக்கிறோம், அதுவும் ஒரு கல்யாண வீட்டில்தான். அந்த நாடகத்தில் நீயும் இருந்தாய். உனக்கு அது நாடகம் என்று தெரியாது, அவ்வளவுதான். அப்போது நீ ஏழாவதோ எட்டாவதோ. இப்போது மீசை வைத்துக்கொண்டு பெண்டாட்டி கட்டப்போகிறாய், ஆகவே முழுக்கதையையும் சொல்லிவிடுகிறேன். உனக்குக் கடைசிப் பக்கத்தை முதலில் படிக்கிற கெட்ட பழக்கம் உண்டு. இந்த ஒரு தடவை வரிசையாகப் படி. உன் கடிதத்துக்குப் பதிலாக நான் என்ன செய்தேன் என்பது கடைசியில்தான் இருக்கிறது.

உன் அப்பா நல்லவர். இதை நான் கோர்ட்டிலும் சொல்லியிருக்கிறேன். குடிக்க மாட்டார், கை நீட்ட மாட்டார், குரலை உயர்த்தக்கூட மாட்டார். ரயில்வே யார்டில் அவர் கொடி அசைக்கச் சொன்னால் ஐம்பது வேகன் நகரும். வீட்டில் மட்டும் ஒரு நாற்காலியை நகர்த்துவதற்கும் திருச்சியிலிருந்து உத்தரவு வர வேண்டும். திருச்சி என்றால் உன் பெரியப்பா. மாமனார் சீக்கிரமே போய்விட்டதால் உன் அப்பாவைப் படிக்க வைத்து ஆளாக்கியவர் அவர்தான். அந்த நன்றிக்கடனை உன் அப்பா தவணை தவணையாகக் கட்டிவந்தார். உன்னை எந்தப் பள்ளிக்கூடத்தில் சேர்ப்பது, தீபாவளிக்கு எனக்கு என்ன நிறத்தில் புடவை, ஜன்னலுக்குத் திரை போடலாமா கூடாதா, எல்லாம் இன்லண்ட் கடிதத்தில் போய் இன்லண்ட் கடிதத்தில் வரும். ஒரு முறை உனக்கு நல்ல ஜுரம். டாக்டர் ஊசி போடலாமா என்று கேட்டார். உன் அப்பா என்னைப் பார்த்து, "அண்ணாவுக்கு ஒரு தந்தி குடுத்துப் பாக்கட்டுமா" என்றார். டாக்டர் வங்காளி, அவருக்குத் தமிழ் புரியாதது என் அதிர்ஷ்டம்.

பதினாலு வருஷம் இப்படி ஓடியது. பிறகு எனக்கு ஓர் இன்ஷூரன்ஸ் ஆபீஸில் டைப்பிஸ்ட் வேலை கிடைத்தது. வேலைக்குப் போன மூன்றாவது வாரம் திருச்சியிலிருந்து கடிதம். உன் அப்பா அதைச் சாப்பாட்டுத் தட்டுக்குப் பக்கத்தில் வைத்துவிட்டு, "அண்ணா எழுதியிருக்கார், வேலையை விட்டுடணுமாம்" என்றார்.

"நீங்க என்ன சொல்றேள்?" என்று கேட்டேன்.

"அதான் அண்ணா எழுதியிருக்காரே."

"அது அவர் சொல்றது. நீங்க என்ன சொல்றேள்?"

அவர் நிஜமாகவே யோசித்தார். ரசம் சாதம் ஆறுகிற வரைக்கும் யோசித்தார். ஒன்றும் அகப்படவில்லை. எனக்கு அன்றைக்குத்தான் பயம் வந்தது. சண்டை போடுகிற மனுஷனோடு வாழ்ந்துவிடலாம், ஆளே இல்லாத இடத்தில் எப்படி வாழ்வது? அந்த மாதமே உன்னைக் கூட்டிக்கொண்டு காளிகாட்டில் நாம் மாஷிமா என்று கூப்பிடும் வங்காளி அம்மாளின் வீட்டு மாடிக்கு வந்துவிட்டேன். உன் அப்பாதான் டாக்ஸி பிடித்து சாமான் ஏற்றிவிட்டார். ஹவுரா பாலம் வரைக்கும் கூடவே வந்து, டிரைவரிடம் வழி சொல்லிவிட்டு இறங்கிக்கொண்டார்.

வீட்டுக்காரி மாஷிமாவுக்கு இது புரியவே இல்லை. ஞாயிற்றுக்கிழமை தவறாமல் உன் அப்பா உன்னைப் பார்க்க வருவார், கையில் ஒரு சட்டி மிஷ்டி தோய். தித்திப்புத் தயிரைக் கொடுத்துவிட்டுக் கீழேயே நிற்பார். "இவ்வளவு நல்ல மனுஷனையா விட்டாய்?" என்று மாஷிமா என்னிடம் கேட்பாள். "நல்ல மனுஷன்தான் மாஷிமா, உங்களுக்கு வேண்டுமானால் வைத்துக்கொள்ளுங்கள்" என்றால் முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு போவாள். தெரு முனை கிளப் பையன்கள்கூட எங்களைச் சேர்த்துவைக்க ஒரு கமிட்டி போட்டார்கள். துர்கா பூஜை வசூல் வந்ததும் அதை மறந்துவிட்டார்கள்.

அலிப்பூரில் ஒரு வக்கீல் பாபுவைப் போய்ப் பார்த்தேன். அடித்தாரா என்று கேட்டார். இல்லை. குடிப்பாரா? ஹார்லிக்ஸ் குடிப்பார். வேறு பெண்? அதற்கும் திருச்சியிலிருந்து அனுமதி வர வேண்டும் என்றேன். வக்கீல் பாபு பேனாவை மூடி வைத்துவிட்டார். முன்காலமாக இருந்தால் இப்படிப்பட்ட புருஷனை விடவே முடியாது அம்மா, யாராவது ஒருவர் கெட்டவராக இருந்தே ஆக வேண்டும் என்று அலுத்துக்கொண்டார். பிறகு, இப்போதுதான் சட்டம் மாறியிருக்கிறது, இருவரும் ஒரு வருஷம் தனியாக வாழ்ந்திருந்து, சேர்ந்து வந்து, மனமொத்துப் பிரிகிறோம் என்று கேட்டால் போதும், பழி சொல்ல வேண்டியதில்லை என்றார். ஒரு வருஷத்துக்கு இன்னும் சில மாதம் பாக்கி இருந்தது. மனு தயார் பண்ண அவருடைய டைப்பிஸ்ட் ஒரு வாரம் கேட்டான். நான் அங்கேயே உட்கார்ந்து நானே அடித்துக் கொடுத்தேன். என் விவாகரத்து மனுவை நானே டைப் அடித்தேன், ஓர் எழுத்துப் பிழை கிடையாது. உன் அப்பா அதை இரண்டு தரம் படித்துவிட்டு, "மார்ஜின் நன்னா விட்டிருக்கே" என்றார். கையெழுத்தும் போட்டார். ஏன் போட்டார் என்று கேட்காதே. அப்போது நான் எதை நீட்டினாலும் போட்டிருப்பார்.

இந்தச் சமயத்தில்தான் திருச்சியில் உன் பெரியப்பா பெண்ணுக்குக் கல்யாணம் வந்தது. பெரியப்பாவுக்கு எங்கள் விஷயம் ஒன்றும் தெரியாது. உன் அப்பா சொல்லவில்லை. அதையும் அவரிடம் கேட்டுத்தானே அவரிடம் சொல்ல வேண்டும்? ஒரு ஞாயிற்றுக்கிழமை உன் அப்பா நம் மாடிப்படியில் நின்றுகொண்டு சட்டை நுனியைத் திருகினார்.

"கல்யாணத்துக்கு நீ வரலேன்னா அண்ணா கேப்பார். நாலு நாள்தானே. வந்துட்டுப் போயிடேன்."

நான் முடியாது என்றேன். உடனே அவர் பையிலிருந்து ரயில்வே பாஸை எடுத்தார். வருஷா வருஷம் ஊழியனுக்கும் குடும்பத்துக்கும் கொடுக்கிற இலவச பாஸ். அதில் அவர் பெயர், பக்கத்தில் மனைவி, மகன் என்று எழுதியிருந்தது. "ஏற்கெனவே வாங்கிட்டேன். வீணாப் போயிடும்" என்றார். ரயில்வே குடும்பத்தில் பதினாலு வருஷம் இருந்தவளிடம் இந்த ஒரு வார்த்தை போதும். தாம்பத்தியம் வீணாகப் போகலாம், பாஸ் வீணாகப் போகக் கூடாது. இதைவிட அசட்டுத்தனமான காரணத்துக்காக எந்தப் பெண்ணும் புருஷனோடு ரயில் ஏறியிருக்க மாட்டாள்.

மெட்ராஸ் மெயிலில் உனக்கு ஜன்னல் ஓரம். ஒரிஸ்ஸா முழுக்க எண்ணிக்கொண்டே வந்தாய், தென்னைமரமோ பாலமோ, ஞாபகமில்லை. நான் புளியோதரைப் பொட்டலத்தைப் பிரித்தேன், அவர் பழக்கதோஷத்தில் எனக்கு முதலில் தண்ணீர் நீட்டினார். நீ எங்கள் இருவரையும் மாறி மாறிப் பார்த்தாய். பிறகு, "இனிமே நாம எல்லாரும் ஒண்ணா இருக்கப்போறோமா?" என்று கேட்டாய். அவர் ஆரஞ்சு உரிக்க ஆரம்பித்தார். நான் ஜன்னலுக்கு வெளியே பார்த்தேன். நீ அந்த மௌனத்தை ஆமாம் என்று எடுத்துக்கொண்டாய், வழியெல்லாம் பாட்டு. திரும்பி வந்ததும் ஹவுரா ஸ்டேஷனில் அவர் ஒரு பக்கம் போக, நாம் ஒரு பக்கம் பஸ் ஏறினோம். காளிகாட் டிராம் டிப்போ வரும் வரைக்கும் நீ என்னோடு பேசவில்லை. விவாகரத்து உன்னை எவ்வளவு வதைத்தது என்று எனக்குத் தெரியாது. ஆனால் அந்த நாலு நாள் நாடகம் உன்னை வதைத்ததை என் கண்ணால் பார்த்தேன்.

திருச்சியில் என்ன நடந்தது என்று கேட்கிறாயா? எல்லாரும் எங்களைப் பார்த்துப் பூரித்துப் போனார்கள். சித்தப்பா சித்தி என்று ஜோடியாக நிற்க வைத்தார்கள், ஜோடியாக ஆசீர்வாதம் பண்ண வைத்தார்கள். பெண்ணிடம் உன் பெரியப்பா, "குடித்தனம்னா சித்தி சித்தப்பாவைப் பாத்துக் கத்துக்கோ" என்றார். உன் அப்பாவுக்குப் புரை ஏறிவிட்டது. நான்தான் முதுகில் தட்டினேன். அதையும் பார்த்து மெச்சினார்கள்.

ஊர் திரும்பிக் கொஞ்ச நாளில் எங்கள் மனு அலிப்பூர் கோர்ட்டுக்கு வந்தது. லோட் ஷெட்டிங். மின்விசிறி நின்று, ஜட்ஜ் ஃபைலாலேயே விசிறிக்கொண்டிருந்தார். தனித்தனியாகத்தான் வாழ்கிறீர்களா என்று கேட்டார். ஆமாம் என்றோம். அத்தாட்சி? என் வாடகை ரசீது, அவருடைய குவார்ட்டர்ஸ் பேப்பர், எல்லாம் வக்கீல் பாபு நீட்டினார். சரியாகத்தான் போய்க்கொண்டிருந்தது. ஜட்ஜ் பேச்சுவாக்கில் உன் அப்பாவிடம், நடுவில் எப்போதாவது சேர்ந்து இருந்தீர்களா என்று கேட்டார். இல்லை என்று ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் முடிந்திருக்கும். உன் அப்பா நிமிர்ந்து நின்று, சாட்சிக் கூண்டில் ரயில்வேக்காரன் சொல்கிற பதிலைச் சொன்னார்: மே மாதம், மெட்ராஸ் மெயில், இரண்டாம் வகுப்பு ஸ்லீப்பர், மனைவிக்குக் கீழ் பெர்த், தனக்கு மேல் பெர்த்.

ஜட்ஜ் விசிறுவதை நிறுத்தினார். வக்கீல் பாபு கண்ணை மூடிக்கொண்டார். மனைவி என்று சொல்லியா கூட்டிப்போனீர்கள் என்று ஜட்ஜ் கேட்டார். உன் அப்பா அதிர்ந்துபோய், வேறு எப்படி சார் கூட்டிப்போவது, மனைவி இல்லை என்றால் பாஸில் அது மோசடி ஆயிற்றே என்றார். கோர்ட்டே சிரித்தது. நான் எழுந்து, அய்யா, கல்யாண வீட்டில் ஒரு ஹாலில் அறுபது பேர் படுத்திருந்தோம், அங்கே யாரும் யாரோடும் குடித்தனம் நடத்த முடியாது என்றேன். ஜட்ஜும் சிரித்தார். ஆனால் விடவில்லை. ஊரறியக் கணவன் மனைவியாகப் போய் ஆசீர்வாதம் பண்ணிவிட்டு வந்திருக்கிறீர்கள், உங்கள் வருஷத்தை மறுபடி அந்த மே மாதத்திலிருந்து எண்ணுங்கள், மனுவைத் திரும்ப எடுத்துக்கொண்டு அப்புறம் வாருங்கள் என்று அனுப்பிவிட்டார். நாலு நாள் நடிப்புக்கு ஒரு வருஷம் தண்டம். வெளியே மரத்தடியில் வக்கீல் பாபு உன் அப்பாவிடம், இவ்வளவு நேர்மையானவர் எதற்காக சார் அந்த ரயிலில் ஏறினீர்கள் என்று கேட்டார். அவர் முகத்தில் ஏதோ மாறியதைப் பார்த்தேன். அன்று சாயங்காலமே, யாரையும் கேட்காமல், திருச்சிக்கு விவரமாகக் கடிதம் எழுதிப் போட்டுவிட்டார்.

அடுத்த வருஷம் மனுவை மறுபடி அடித்தேன். ஒப்பந்தத்தையும் சேர்த்து அடித்தேன். நீ என்னோடு, ஞாயிற்றுக்கிழமை அப்பாவோடு. வெள்ளிப் பாத்திரம் எனக்கு, ரேடியோ அவருக்கு. ஜீவனாம்சம் வேண்டாம், எனக்குச் சம்பளம் வருகிறது. கடைசியில் உன் அப்பா தயங்கித் தயங்கி, சாம்பார் பொடி மட்டும் வருஷத்துக்கு இவ்வளவு என்று சேர்க்க முடியுமா என்றார். சேர்த்தேன். ஜட்ஜ் அந்த வரிக்கு வந்ததும் இது ஒப்பந்தமா மளிகைக் கடையா என்று கேட்டு, கோடு போட்டு அடித்துவிட்டார். பொடியை நான் இன்றைக்கும் அரைத்து அனுப்பிக்கொண்டுதான் இருக்கிறேன், கோர்ட் உத்தரவு இல்லாமலே.

மனு கொடுத்து ஆறு மாதம் பொறுத்து, மனசு மாறவில்லையா என்று கேட்டுத்தான் தீர்ப்புச் சொல்வார்கள். அந்தக் கடைசி நாளன்று உன் பெரியப்பா வந்துவிட்டார். பஞ்சகச்சம், அங்கவஸ்திரம், நேராக அலிப்பூருக்கு. கோர்ட் ஹாலில் முதல் பெஞ்சில் உட்கார்ந்துகொண்டார். இரண்டரை வருஷ அலைச்சலும் அவருடைய ஒரு தலையசைப்பில் போய்விடும் என்று எனக்குத் தெரியும். பழையபடி சாந்த்ராகாச்சிக்கு, பழையபடி இன்லண்ட் கடிதத்துக்கு. டைப்ரைட்டர் வேலையும் போகும்.

ஜட்ஜ் என்னைக் கேட்டார், சொன்னேன். பிறகு உன் அப்பாவைக் கேட்டார்: சொந்த விருப்பத்தோடுதான் கேட்கிறீர்களா, யாருடைய வற்புறுத்தலாவது உண்டா? உன் அப்பா திரும்பிப் பெரியப்பாவைப் பார்த்தார். பெரியப்பா, கூடாது என்று மெதுவாகத் தலையை ஆட்டினார். உன் அப்பா ஜட்ஜ் பக்கம் திரும்பித் தமிழிலேயே சொல்லிவிட்டார்.

"அண்ணா வேண்டாங்கறார். நான் வேணுங்கறேன்."

வக்கீல் பாபு என்னைப் பார்த்தார், நான் இங்கிலீஷில் சொன்னேன். யார் அந்த அண்ணா என்று ஜட்ஜ் கேட்டார். பெரியப்பா எழுந்து நின்றார். உங்களுக்கு இந்த வழக்கில் என்ன சம்பந்தம் என்றார் ஜட்ஜ். பெரியப்பா அங்கவஸ்திரத்தைச் சரிசெய்துகொண்டார். அவரிடம் அதை யாரும் அதற்கு முன் கேட்டதில்லை. அப்படியானால் உட்காருங்கள் என்றார் ஜட்ஜ். பெரியப்பா உட்கார்ந்துவிட்டார்.

எனக்கு அழுகை வந்துவிட்டது. விடுதலை கிடைத்த சந்தோஷம் என்று மாஷிமாவிடம் சொன்னேன், அது பாதிதான் நிஜம். உன் அப்பா தானாக எடுத்த முதல் முடிவு என்னை விடுவதுதான். இந்த மனுஷன் இத்தனை வருஷம் எங்கே இருந்தார், இவர் வீட்டில் இருந்திருந்தால் நான் ஏன் கோர்ட்டுக்கு வரப்போகிறேன் என்று ஆத்திரமாக இருந்தது. அவரைப் பிடிக்கவும் பிடித்தது. இரண்டும் ஒரே நிமிஷத்தில். வெளியே வந்து மூன்று பேரும் மண்குவளையில் டீ குடித்தோம். பெரியப்பாதான் காசு கொடுத்தார்.

ஆகவே, கண்ணா, உனக்கு நான் சொல்ல நினைப்பது அதிகமில்லை. நாளைக்கு உன் பெண்டாட்டி "நீங்க என்ன சொல்றேள்" என்று கேட்பாள். அப்போது என் மூஞ்சியையோ அப்பா மூஞ்சியையோ பார்க்காதே. தப்பாகவாவது உன் பதிலைச் சொல். இப்போதே ஆரம்பித்துவிடலாம், ஏனென்றால் எங்கள் விஷயத்தைப் பெண் வீட்டாரிடம் மட்டுமல்ல, அந்தப் பெண்ணிடமும் நீ சொல்லவில்லை என்று உன் கடிதத்தைப் படித்தாலே தெரிகிறது. உன் அப்பாவிடம் உன் யோசனையைச் சொன்னேன். "எனக்கு நடிக்க வராது. யாராவது கேட்டா பெர்த் நம்பரோட சொல்லிடுவேன்" என்றார்.

இனி நான் செய்தது. போன வாரம் உன் வருங்கால மாமியாரும் மாமனாரும் காளி தரிசனத்துக்கு வந்தவர்கள், புது மெட்ரோவில் ஏறிப் பார்த்துவிட்டு அப்படியே நம் வீட்டுக்கும் வந்தார்கள். மாமா ஹாலில் பேப்பரை விரித்துக்கொண்டு உட்கார்ந்தார். "மின்விசிறியைக் குறை" என்றார், மாமி குறைத்தாள். "ஜன்னலைச் சாத்து" என்றார், சாத்தினாள். நான் மாமியைச் சமையலறைக்கு அழைத்துப்போய், கையில் காபியைக் கொடுத்து, எல்லாவற்றையும் சொல்லிவிட்டேன். நீ கோபப்படுவாய். படு. பொய் சொல்லி ஒரு பெண்ணை நம் வீட்டுக்குள் அழைத்துவர என்னால் முடியாது.

மாமி காபியை ஒரே மூச்சில் குடித்து முடித்தாள். கல்யாணம் நின்றது என்றே நினைத்தேன். பிறகு ஹால் பக்கம் ஒரு பார்வை பார்த்துவிட்டு, குரலைத் தாழ்த்திக்கொண்டு கேட்டாள்.

"ரெண்டு பேரும் சேர்ந்தேவா போய்க் கேட்டேள்?"

"ஆமாம் மாமி."

"ஒருத்தர் மேல ஒருத்தர் பழி சொல்லாமயேவா?"

"ஆமாம்."

"என் பொண்ணுகிட்ட அவனே வந்து சொல்லட்டும். அவ சரின்னா எனக்குச் சரி" என்றாள். அதற்குள் ஹாலிலிருந்து, "கிளம்பலாமா, இன்னும் என்ன பேச்சு அங்கே?" என்று மாமாவின் குரல் வந்தது. மாமி எழுந்திருக்கவில்லை. காலி டம்ளரை என் பக்கம் நகர்த்தினாள்.

"இன்னும் கொஞ்சம் காபி இருக்குமா?" என்று கேட்டாள். அப்புறம், ஹாலுக்குக் கேட்கும்படி, "இருங்கோ. நான் இன்னும் பேசி முடிக்கலை" என்றாள்.

ஞாயிற்றுக்கிழமை அந்தப் பெண்ணைப் போய்ப் பார்.

உன் அம்மா